ஆர்கெஸ்ட்ராவில் கிளாரினெட்: கேள்வி பதில்

மேற்கத்திய செவ்வியல் இசையில் கிளாரினெட்டையே தொழிலாக எடுத்துக்கொள்ள நினைப்பவர்கள் அனுப்பிய கேள்விகளுக்குப் பதில்கள்.

கேள்வி: மகள் நான்கு வருடமாக பி-ஃபிளாட் கிளாரினெட் வாசிக்கிறாள். ஏ கிளாரினெட்டும் வாங்கச் சொல்கிறார் ஆசிரியர். அரை ஸ்வரம் இறங்குவதற்காக இன்னொரு கருவியா?

பதில்: ஆர்கெஸ்ட்ரா அவள் இலக்கு என்றால் ஆசிரியர் சொல்வதுதான் சரி. மொஸார்ட்டின் கான்செர்ட்டோ (அவர் படைப்புப் பட்டியலில் கே. 622), க்வின்டெட் எனும் ஐவர் இசை (கே. 581), ப்ராம்ஸின் க்வின்டெட் எல்லாமே ஏ சுருதிக் கருவிக்கு எழுதப்பட்டவை. ஒரே சிம்ஃபனிக்குள் இரண்டையும் மாற்றி மாற்றி வாசிக்க வேண்டியும் வரும். வாயில் வைத்து ஊதும் மவுத்பீஸ் ஒன்றுதான், அதைக் கழற்றி அடுத்ததில் மாட்டுவார்கள். அதனால் இரண்டும் ஒரே தயாரிப்பாக, ஒரே மாடலாக இருப்பது நல்லது. ஊதும்போது காற்றுக்குக் கருவி தரும் எதிர்ப்பு மாறினால் முதல் ஸ்வரமே தடுமாறும்.

புது மரக்கருவியை முதல் இரண்டு வாரம் ஒரு நாளைக்கு இருபது நிமிடத்துக்கு மேல் வாசிக்க விடாதீர்கள். உள்ளே சூடும் ஈரமும், வெளியே குளிரும் வறட்சியும் சேர்ந்தால் மரத்தில் விரிசல் விழும். பெரும்பாலும் மேல் பாகத்தில்தான் வெடிப்பு வரும்.

கேள்வி: மூன்று ஆடிஷன்களிலும் முதல் சுற்றோடு திரும்பினேன். விரல் வேகத்தில் குறையே இல்லை. எங்கே தவறுகிறது?

பதில்: ஆடிஷனுக்கு வரும் எல்லாருக்கும் வேகம் இருக்கிறது, அதனால் அதற்கு மதிப்பெண் கிடைக்காது. திரைக்குப் பின்னால் நின்று வாசிக்கக் கிடைப்பது சில நிமிடம்தான். மொஸார்ட் கான்செர்ட்டோவின் தொடக்கப் பகுதி, அதன்பின் ஆர்கெஸ்ட்ரா படைப்புகளிலிருந்து எடுத்த நாலைந்து துண்டுகள். தேர்வாளர்கள் கவனிப்பது மூன்று: லயம் ஆடாமல் நிற்கிறதா, சுருதி நகர்கிறதா, மெல்லிய ஒலியில் முதல் ஸ்வரம் சத்தமின்றிப் பிறக்கிறதா. பெரும்பாலோர் விழுவது மூன்றாவதில்.

ப்ராம்ஸ் மூன்றாம் சிம்ஃபனியின் இரண்டாம் பகுதித் தொடக்கத்தை எடுத்துக்கொள்ளுங்கள். நாக்கை ரீடின் (மவுத்பீஸில் கட்டிய, அதிர்ந்து ஒலி தரும் நாணல் தகடு) நுனியில் வைத்து, காற்றழுத்தத்தை முழுதாகச் சேர்த்துக்கொண்டு, நாக்கை எடுங்கள். அவ்வளவுதான். நாக்கால் தட்டித் தொடங்கினால் 'டக்' என்று கேட்கும், காற்றை மட்டும் நம்பினால் ஸ்வரம் தாமதமாக வரும்.

மெண்டல்சனின் 'மிட்சம்மர் நைட்ஸ் ட்ரீம்' ஸ்கெர்ட்ஸோ என்ற துள்ளலான பகுதியில் நிமிடத்துக்கு 80 முதல் 88 பார் (தாளக் கட்டம்) போகும். அங்கே தடுமாறுவதற்குப் பலர் நாக்கைக் குறை சொல்வார்கள். உண்மையில் ஸ்வரங்களுக்கு நடுவே காற்று நின்றுபோவதுதான் காரணம். முழுவதையும் முதலில் நாக்கில்லாமல் ஒரே இழுப்பாக வாசியுங்கள். அதே காற்றோட்டத்தை வைத்துக்கொண்டு பிறகு நாக்கைச் சேர்த்தால் பாதிச் சிக்கல் தீரும்.

நடு ஏ-யிலிருந்து மேல் பி-க்குத் தாவும் இடத்திலும் உடைவு கேட்கும். ஏ ஒலிக்கும்போதே வலக்கை விரல்களை மூடி வைத்துவிட்டால் தாவும்போது விரல் வேலை பாதியாகும். ஏ-யின் சுருதியும் சற்று நிதானப்படும்.

வீட்டில் ஒரு நாளைக்கு ஒரு தடவை, கை சூடாகாத நிலையில், எல்லாத் துண்டுகளையும் ஒரே முயற்சியில் பதிவு செய்து கேளுங்கள். ஐந்தாவது தடவை நன்றாக வருவது ஆடிஷனில் உதவாது.

கேள்வி: பத்து ரீட் உள்ள பெட்டியில் இரண்டுதான் தேறுகிறது. மற்றதெல்லாம் வீணா?

பதில்: பல ரீட்கள் அவசரத்தால் கெடுகின்றன. புது ரீடை ஓரிரு நிமிடம் நனைத்து, முதல் நாள் ஐந்து நிமிடம், நடு ஸ்தாயியில், மிதமான ஒலியில் வாசியுங்கள். மறுநாள் பத்து நிமிடம். நாலைந்து நாளில்தான் அது தன் குணத்தைக் காட்டும். ஆறு முதல் எட்டு ரீட்களுக்கு எண் எழுதி சுழற்சியில் வையுங்கள். தினமும் பிடித்த ஒன்றையே வாசித்தால், கச்சேரி வாரத்தில் அது செத்துப்போகும்.

கீச்சிட்டால் மவுத்பீஸை வாய்க்குள் இடப்பக்கமும் வலப்பக்கமும் லேசாகச் சாய்த்து ஊதிப் பாருங்கள். ரீடின் எந்தப் பக்கம் மட்டும் அதிரும்போது ஒலி அடைத்தாற்போல் வருகிறதோ, அந்தப் பக்கம் தடிமன். அங்கே மட்டும், நுனியின் நடுவைத் தொடாமல், துளித்துளியாகச் சுரண்டி ஒவ்வொரு தடவையும் ஊதிப் பாருங்கள். அடிப்பக்கம் வளைந்திருந்தால் கண்ணாடி மேல் 600 எண் உப்புத்தாள் வைத்துத் தேய்த்தால் போதும்.

கேள்வி: சுருதி ஏறியதால் பேரலை (மவுத்பீஸுக்கு அடுத்த குட்டிக் குழாய்) இழுத்தேன். நடு ஸ்தாயியின் ஜி, ஏ, பி-ஃபிளாட் மட்டும் அதிகமாக இறங்கிவிட்டன.

பதில்: அந்த ஸ்வரங்களுக்குக் குழாயின் நீளம் குறைவு, அதனால் அதே ஒரு மில்லிமீட்டர் அவற்றை அதிகம் பாதிக்கும். பேரலில் கொஞ்சம், நடு இணைப்பில் கொஞ்சம் என்று பகிர்ந்து இழுங்கள்.

கேள்வி: வயலின்தான் கற்றேன். இருபதைத் தாண்டிவிட்டேன். இனிமேல் கிளாரினெட்டுக்கு மாறலாமா?

பதில்: ஜெர்மனியின் மாய்னிங்கன் அரசவை இசைக்குழுவில் ரிச்சர்ட் மூல்ஃபெல்ட் வயலின்காரராகத்தான் சேர்ந்தார். கிளாரினெட்டைத் தானாகவே கற்று அதே குழுவின் முதல் கிளாரினெட் ஆனார். அவர் வாசிப்பைக் கேட்டுத்தான் ப்ராம்ஸ் 1891-ல் ட்ரையோவும் க்வின்டெட்டும், 1894-ல் இரண்டு சொனாட்டாக்களும் எழுதினார். இன்று போட்டி வேறு மாதிரி, ஆனால் உங்கள் காதும் லயமும் வீண் போகாது.

கேள்வி: ஆடிஷனில் வென்றால் வேலை நிரந்தரமா?

பதில்: இல்லை. பல குழுக்களில் ஓரிரு வருடத் தகுதிகாண் காலம் உண்டு. 1982-ல் தலைமை நடத்துநர் கராயன் விருப்பப்படி பெர்லின் ஃபில்ஹார்மோனிக்கில் கிளாரினெட் கலைஞர் சபீன மையர் வந்தபோது, குழுவினர் 73-க்கு 4 என்று எதிர்த்து வாக்களித்தனர். 1983-ல் அவர் விலகி, தனி வாசிப்பில் பெரும் பெயர் பெற்றார். பக்கத்தில் உட்கார்ந்து வாசிப்பவர்களின் சம்மதம் அவ்வளவு முக்கியம்.

கேள்வி: அதுவரை வருமானத்துக்கு?

பதில்: சொல்லிக்கொடுப்பது ஒன்று, மாற்று ஆளாக வாசிப்பது இன்னொன்று. மாற்று ஆளாக அழைப்பு வர இ-ஃபிளாட்டும் பாஸ் கிளாரினெட்டும் கைவசம் இருக்கட்டும். பாஸ் கிளாரினெட் தாள்கள் இரண்டு முறைகளில் வரும். ட்ரெபிள் க்ளெஃபில் (க்ளெஃப் என்பது தாளில் ஸ்வரங்களின் இடத்தைக் காட்டும் குறி) எழுதியது ஒன்பதாம் இடைவெளி, அதாவது ஒரு ஸ்தாயியும் ஒரு முழு ஸ்வரமும், கீழே ஒலிக்கும், பாஸ் க்ளெஃபில் எழுதியது ஒரு முழு ஸ்வரம் மட்டுமே கீழே ஒலிக்கும். இரண்டையும் பார்த்தவுடன் வாசிக்க வேண்டும். சி கிளாரினெட்டுக்கான தாளை பி-ஃபிளாட்டில் ஒரு முழு ஸ்வரம் ஏற்றி வாசிக்கவும் பழகுங்கள். ஒத்திகை ஒன்றே ஒன்று இருக்கும் வாரத்தில்தான் பெரும்பாலும் கூப்பிடுவார்கள்.