‘பேப்பர் இருக்கிறதா?’ – போர்க்கால மொழிபெயர்ப்பாளர் விசா: வாசகர் கேள்விகளுக்குப் பதில்

வர்ஜீனியாவில் குடியேற்ற வழக்குகளுக்கு உதவும் வேலையில் இருக்கிறேன். ஆப்கன், ஈராக் மொழிபெயர்ப்பாளர்களின் கோப்புகளோடுதான் என் நாளில் பாதி போகிறது. சமீபத்தில் வந்த கேள்விகளில் சிலவற்றுக்கு இங்கே பதில் சொல்கிறேன். கேட்டவர்களின் பெயர்களை விட்டுவிட்டேன்.

எங்கள் பக்கத்து வீட்டில் ஓர் ஆப்கன் குடும்பம் இருக்கிறது. அவர் அமெரிக்கப் படைக்கு மொழிபெயர்ப்பாளராக இருந்தவராம். இவர்கள் அகதிகளா, வேறு வகையா? – சாக்ரமென்டோ வாசகி

வேறு வகை. இதற்குச் சிறப்புக் குடியேற்ற விசா என்று பெயர். அந்தக் குடும்பங்களே ‘எஸ்.ஐ.வி.’ என்றுதான் சொல்வார்கள். இந்த விசாவில் விமான நிலையத்தில் இறங்கும்போதே நிரந்தரமாக வசிக்கும் உரிமை கிடைத்துவிடும்; கிரீன் கார்டு பிறகு தபாலில் வரும். அகதிகளாக வருபவர்கள் ஓராண்டு பொறுத்துத்தான் அதற்கு மனுப் போட முடியும்.

முதல் சட்டம் 2006-இல் வந்தது. ஈராக், ஆப்கானிஸ்தான் இரண்டுக்கும் சேர்த்து ஆண்டுக்கு 50 விசா! இரண்டு போர்கள் நடந்துகொண்டிருந்த நேரம் அது. அந்த எண்ணிக்கையை நினைத்தால் எனக்கு இன்றும் கோபம் வரும். அடுத்த ஆண்டு, 2 ஆண்டுகளுக்கு மட்டும் 500 ஆக்கினார்கள். 2008 ஜனவரியில் ஈராக்கியருக்குத் தனிச் சட்டம், ஆண்டுக்கு 5,000. அதில் புது மனு வாங்குவது 2014 செப்டம்பரோடு நின்றுபோனது. 2009-இல் ஆப்கானியருக்கு ஆண்டுக்கு 1,500 என்று தொடங்கியது. பிறகு கொஞ்சம் கொஞ்சமாகக் கூட்டி, 2024 மார்ச்சில் மொத்தம் 50,500 என்ற அளவுக்கு வந்தது. குடும்பத்தினர் இந்தக் கணக்கில் சேர மாட்டார்கள். முதல் மனுதாரரை மட்டுமே எண்ணுவார்கள்.

உங்கள் பக்கத்து வீட்டுக்காரர் 2021 ஆகஸ்டில், காபூல் தாலிபான் கையில் விழுந்தபோது, விமானத்தில் ஏற்றி வரப்பட்டவர் என்றால் கதை வேறாக இருக்கலாம். அப்போது வந்த சுமார் 76,000 பேரில் பெரும்பாலோர் ‘பரோல்’ என்ற தற்காலிக அனுமதியில் வந்தவர்கள். அவர்களுக்கு நிரந்தர வழி தரும் மசோதா 2022-இல் காங்கிரசில் வைக்கப்பட்டது, நிறைவேறவில்லை. ஆகவே ஒரே தெருவில், ஒரே படைப்பிரிவில் வேலை பார்த்த இரண்டு பேரில் ஒருவர் கிரீன் கார்டோடும், மற்றவர் நாளை என்ன ஆகுமோ என்ற கலக்கத்தோடும் இருக்க முடியும். அதனால் ‘உங்களுக்கு என்ன விசா?’ என்று நேராகக் கேட்டுவிடாதீர்கள். அவர்களாகச் சொல்லட்டும்.

ஓராண்டு வேலை பார்த்திருந்தால் போதும் என்கிறார்களே. அப்புறம் ஏன் இத்தனை ஆண்டுகள் இழுக்கிறது? – கோயம்புத்தூர் வாசகர்

ஓராண்டு என்பது சரி. நடுவில் 2015-இல் அதை 2 ஆண்டாக்கினார்கள். 2021 ஜூலையில், காபூல் விழுவதற்குச் சில நாட்கள் முன்னால், மறுபடி ஓராண்டாகக் குறைத்தார்கள். சிக்கல் அந்த ஓராண்டை நிரூபிப்பதில்தான்.

இரண்டு தாள்கள்தான் உயிர்நாடி. ஒன்று, வேலை கொடுத்த நிறுவனத்தின் மனிதவளப் பிரிவு தரும் பணிச் சான்று. இன்னொன்று, நேரடி மேலதிகாரியாக இருந்த அமெரிக்கக் குடிமகன் ஒருவரின் பரிந்துரைக் கடிதம். இரண்டையும் வைத்துத் தூதரகத் தலைமை ஒப்புதல் தர வேண்டும். அதன் பிறகுதான் விசாப் படிவம், நேர்காணல், பின்னணி விசாரணை, மருத்துவப் பரிசோதனை எல்லாம்.

மொழிபெயர்ப்பாளர்களில் மிகப் பெரும்பாலோருக்குச் சம்பளம் கொடுத்தது ராணுவம் அல்ல, ஒப்பந்த நிறுவனங்கள். ஒப்பந்தம் கைமாறும், நிறுவனம் பெயர் மாறும், சில இழுத்து மூடப்படும். பதிவேடு எங்கே என்று கேட்டால் பதில் சொல்ல ஆள் இருக்காது. அமான் கலீலியின் கதை உங்களுக்குத் தெரிந்திருக்கலாம். 2008 பிப்ரவரியில் பனிப்புயலில் சிக்கி ஆப்கன் மலைப்பள்ளத்தாக்கு ஒன்றில் இறங்கிய ஹெலிகாப்டர்களில் ஜோ பைடன், ஜான் கெர்ரி, சக் ஹேகல் என மூன்று செனட்டர்கள் இருந்தார்கள். அவர்களை மீட்க அமெரிக்கப் படையின் பக்ராம் தளத்திலிருந்து போன அணியில் மொழிபெயர்ப்பாளராக இருந்தவர் கலீலி. 2021-இல் அவருடைய மனு தேங்கி நின்றது. நிறுவனம் அவருடைய பணிப் பதிவைத் தொலைத்துவிட்டதாம். பைடன் அதிபராக இருந்த காலத்திலேயே, காபூல் விமான நிலையத்தில் உள்ளே போக முடியாமல் குடும்பத்தோடு ஒளிந்திருந்து, அக்டோபரில்தான் தரைவழியாகப் பாகிஸ்தான் போய்ச் சேர்ந்தார். அதிபரையே மீட்கப் போனவருக்கு இந்த நிலை என்றால், ஹெல்மண்டில் யாரோ ஒரு சார்ஜென்ட்டுக்குப் பேசிக் கொடுத்தவரை நினைத்துப் பாருங்கள்.

பரிந்துரைக் கடிதத்தில் இன்னொரு தொல்லை. தாலிபானுக்கு அடையாளம் தெரியக் கூடாது என்று பலர் முகத்தை மூடிக்கொண்டு, ‘மைக்’, ‘ஜானி’ என்று புனைபெயரில் இருந்தார்கள். பாக்தாதில் 2008-இல் அந்த முகமூடிக்கே அமெரிக்கப் படை தடை போட்டது தனிக் கொடுமை. உடன் இருந்த அதிகாரிக்குத் தெரிந்தது அந்தப் புனைபெயர் மட்டும்தான். பத்து வருடம் கழித்து அவரைத் தேடிப்பிடித்தால், ‘மைக் என் உயிரைக் காப்பாற்றினான்’ என்று மனதாரக் கடிதம் கொடுப்பார். அடையாள அட்டையில் மைக் எங்கே இருக்கிறான்? கடிதம் திரும்பி வரும். அதனால்தான் நான் எழுதச் சொல்லும் முதல் வரியே இது: ‘மைக் என்று நாங்கள் அழைத்த இன்னார்’ – கடவுச்சீட்டில் உள்ள அதே எழுத்தில்.

என் மேசைக்கு வரும் கோப்பு ஒவ்வொன்றும் ஏறக்குறைய ஒன்றுபோலவே இருக்கும். ஜிப் வைத்த பிளாஸ்டிக் உறை. உள்ளே நாலாக மடித்து மடித்து மடிப்பில் கிழிந்துபோன பாராட்டுச் சான்றிதழ்கள். சிப்பாய்களோடு நிற்கும் புகைப்படம், அதில் முகத்துக்கு மேல் பேனாவால் கிறுக்கியிருக்கும். சோதனைச் சாவடியில் மாட்டினால் தப்பிக்கக் கிறுக்கியது. ஒருவர் தன் சான்றிதழை அரிசி மூட்டைக்குள் ஒரு வருடம் வைத்திருந்தேன் என்றார். உறையைத் திறந்தபோது மேசையில் இரண்டு அரிசி விழுந்தது.

மனுவை 9 மாதத்துக்குள் முடிக்க வேண்டும் என்று 2013-இலேயே சட்டம் சொன்னது. நடக்கவில்லை. மனுதாரர்கள் வழக்குப் போட்டு, 2019-இல் வாஷிங்டன் கூட்டாட்சி நீதிமன்றம் அந்தத் தாமதம் நியாயமற்றது என்று தீர்ப்பளித்தது.

பொய் கண்டறியும் சோதனையில் தோற்றார் என்று ஒரு மொழிபெயர்ப்பாளரை வேலையிலிருந்து நீக்கினார்களாம். அதனால் விசாவும் போயிற்றாம். அது நியாயமா? – டொராண்டோ வாசகர்

நியாயம் இல்லை என்பதுதான் என் கருத்து. சட்டம் ‘விசுவாசமான, பயனுள்ள சேவை’ கேட்கிறது. பணிநீக்கம் என்று ஒரு வரி கோப்பில் விழுந்தால், அந்தச் சேவை இல்லை என்று மறுத்துவிடுவார்கள். தன் சொந்தச் சிப்பாய் மீது நடக்கும் ராணுவ விசாரணையில் அந்தக் கருவியின் முடிவைச் சாட்சியமாக ஏற்பதில்லை என்பது அமெரிக்க ராணுவத்தின் விதி; உச்ச நீதிமன்றமே 1998-இல் அதைச் சரி என்றது. அதே கருவி ஒரு மொழிபெயர்ப்பாளரின் குடும்பத்தின் தலையெழுத்தைத் தீர்மானிக்கிறது.

வழி உண்டு. மறுப்புக் கடிதம் வந்த நாளிலிருந்து 120 நாட்களுக்குள் எழுத்து மூலம் மேல்முறையீடு செய்யலாம். ஒரு மறுப்புக்கு ஒரு முறைதான் வாய்ப்பு, அதனால் அவசரப்பட்டு இரண்டு வரியில் அனுப்பி வீணடிக்கக் கூடாது. அதே காலத்தில் கூட வேலை பார்த்த அதிகாரிகள் இரண்டு மூன்று பேரிடம், நாள், இடம், சம்பவம் குறிப்பிட்டுப் புதுக் கடிதம் வாங்குங்கள். ‘நல்ல மனிதர்’ என்று நற்சான்று சொல்லும் கடிதம் எடுபடாது.

அப்படிப் பேச ஆள் இருந்தால் என்ன நடக்கும் என்பதற்கு ஜானிஸ் ஷின்வாரி ஓர் உதாரணம். 2008-இல் ஆப்கானிஸ்தானின் கஸ்னியில் மேட் ஜெல்லர் என்ற அமெரிக்க அதிகாரியைச் சாவிலிருந்து காப்பாற்றியவர். பல ஆண்டுகள் காத்திருந்து கிடைத்த விசா 2013-இல் கடைசி நேரத்தில் ரத்தானது. ஜெல்லர் ஊர் ஊராகக் கத்தியதால் திரும்பக் கிடைத்தது, அக்டோபரில் வந்து சேர்ந்தார். பிறகு இருவரும் சேர்ந்துதான், இப்படிப்பட்ட மொழிபெயர்ப்பாளர்களுக்கு உதவும் ‘நோ ஒன் லெஃப்ட் பிஹைண்ட்’ அமைப்பைத் தொடங்கினார்கள்.

நான் பக்ராம் தளத்தில் ஒரு கான்ட்ராக்டர் கம்பெனியின் சமையலறையில் 3 வருடம் வேலை பார்த்தேன். எனக்கும் இந்த விசா கிடைக்கும், 2 லட்சம் கொடு என்கிறார் ஓர் ஏஜென்ட். – ராமநாதபுரம் வாசகர்

கொடுக்காதீர்கள் தம்பி. கிடைக்காது. இந்தச் சட்டங்கள் ஈராக், ஆப்கன் நாட்டவருக்கு மட்டும். இந்தியா, நேபாளம், பிலிப்பைன்ஸ் என்று எத்தனையோ நாட்டுத் தொழிலாளிகள் அந்தத் தளங்களில் சமைத்தார்கள், துணி துவைத்தார்கள், குண்டுவீச்சுக்கும் தப்பினார்கள். அவர்களுக்கென்று இதில் ஓர் இடமும் வைக்கவில்லை. இன்னொன்றும் தெரிந்துகொள்ளுங்கள்: இந்த விசாவுக்கு அரசுக் கட்டணமே கிடையாது. பணம் கேட்பவர் யாராக இருந்தாலும் ஏமாற்றுக்காரர். அட்வான்ஸ் ஏதாவது கொடுத்துவிட்டீர்கள் என்றால், ரசீதோடு இன்றே காவல் நிலையத்தில் புகார் கொடுங்கள்.

அம்மா, அப்பா, தம்பியையும் கூட்டிவர முடியுமா? – ஹூஸ்டன் வாசகி, நண்பருக்காகக் கேட்கிறார்

முடியாது. மனைவி அல்லது கணவர், 21 வயதுக்குட்பட்ட மணமாகாத பிள்ளைகள், அவ்வளவுதான். இரண்டு மனைவி உள்ளவர் ஒருவரைத்தான் காட்ட முடியும். நேர்காணல் அறைக்கு வெளியே அந்த முடிவை எடுத்த குடும்பங்களைப் பார்த்திருக்கிறேன், அதைப் பற்றி இங்கே எழுத மனமில்லை. மனுப் போட்டவர் இடையில் இறந்துபோனால் மனைவி, பிள்ளைகள் அந்த மனுவைத் தொடரலாம். இது பலருக்குத் தெரியாது, தயவுசெய்து சொல்லிவையுங்கள்.

என் மகளின் வகுப்பில் ஆப்கன் பிள்ளைகள் நான்கு பேருக்கு ஜனவரி 1 பிறந்தநாளாம். ஒரு பையனுக்கு ‘எஃப்.என்.யூ.’ என்று பெயராம்! – ஃப்ரீமாண்ட் வாசகி

ஆப்கன் அடையாள அட்டையான தஸ்கிராவில் பலருக்கு வயது மட்டும்தான் எழுதியிருக்கும். படிவத்துக்குத் தேதி வேண்டும், அதனால் ஜனவரி 1. ‘எஃப்.என்.யூ.’ என்றால் முதற்பெயர் தெரியாது என்று பொருள். கடவுச்சீட்டில் ஒற்றைப் பெயர் இருந்தால் விசாவில் அப்படி அச்சாகும். குடும்பப் பெயர் இல்லாத நம் ஊர்க்காரர்களுக்கும் இது நடந்ததுண்டு, நமக்குப் புரியும். அந்தப் பையனை வீட்டில் எப்படிக் கூப்பிடுகிறார்கள் என்று கேட்டு, வகுப்பிலும் அதே பெயரால் கூப்பிடச் சொல்லுங்கள்.

பிரிட்டன் மட்டும் நன்றாக நடத்தியதா? – ஈஸ்ட் ஹாம் வாசகர்

திட்டம் வைத்திருந்தார்கள். 2021 ஏப்ரலில், தங்களுக்கு வேலை பார்த்த ஆப்கானியருக்காக ‘அராப்’ என்ற மீள்குடியேற்றத் திட்டம் தொடங்கியது. ஆனால் அதே ஆண்டு செப்டம்பரில், இன்னும் ஆப்கானிஸ்தானில் ஒளிந்திருந்த மொழிபெயர்ப்பாளர்கள் 200-க்கும் மேற்பட்டோரின் மின்னஞ்சல் முகவரிகளை எல்லோரும் பார்க்கும்படி ஒரே கடிதத்தில் போட்டு அனுப்பியது பாதுகாப்பு அமைச்சகம். அதற்கு 3,50,000 பவுண்டு அபராதம். இதைவிடப் பெரியது 2022 பிப்ரவரியில் நடந்தது. மனுப் போட்ட ஏறத்தாழ 19,000 பேரின் விவரம் அடங்கிய பட்டியல் வெளியே கசிந்தது. அதைப் பற்றி யாரும் பேசவே கூடாது என்று நீதிமன்றத் தடை வாங்கி, 2025 ஜூலை வரை மூடி வைத்தார்கள். பட்டியலில் இருந்தவர்களுக்கே தங்கள் பெயர் வெளியே போனது தெரியாது. உதவி கேட்டு எழுதிய பெயரே ஆபத்தாக மாறியது. திட்டத்துக்குப் புது மனு வாங்குவதையும் அந்த ஜூலை 1-ஆம் தேதியே நிறுத்திவிட்டார்கள்.

இப்போது மனுப் போடலாமா? எங்களால் ஏதாவது செய்ய முடியுமா? – பல வாசகர்கள்

ஆப்கன் திட்டத்தில் தூதரகத் தலைமை ஒப்புதல் கேட்டுப் புதிதாக மனுப் போடச் சட்டம் வைத்த கடைசித் தேதி 2025 டிசம்பர் 31. அதற்கு முன்பே, நவம்பர் இறுதியில், வாஷிங்டனில் தேசியக் காவல் படையினர் இருவரை ஓர் ஆப்கானியர் சுட்டதை அடுத்து, ஆப்கன் கடவுச்சீட்டு வைத்திருப்பவர்களுக்கு விசா கொடுப்பதையே அமெரிக்கா நிறுத்தியது. ஒருவர் செய்ததற்கு அத்தனை கோப்புகளும் அலமாரிக்குள் போயின. இஸ்லாமாபாத்திலும் தோஹாவிலும் நேர்காணல் தேதி கையில் வைத்திருந்தவர்களை நான் அறிவேன்.

ஆனாலும் கோப்பை மூடிவிடச் சொல்ல மாட்டேன். இந்தத் திட்டத்தைக் காங்கிரஸ் முன்பும் பலமுறை நீட்டித்திருக்கிறது. கதவு திறக்கும் நாளில் தாள்கள் தயாராக இருப்பவருக்குத்தான் முதல் வரிசை. அதனால், உங்களுக்குத் தெரிந்த ஆப்கன் குடும்பம் இருந்தால் ஒரு சனிக்கிழமை மதியம் ஒதுக்குங்கள். பழைய சான்றிதழ்களையெல்லாம் ஸ்கேன் செய்து இரண்டு இடத்தில் சேமித்துக் கொடுங்கள். மேலதிகாரிக்கு ஆங்கிலத்தில் மின்னஞ்சல் எழுத உதவுங்கள்; படை ஓய்வுபெற்றோர் சங்கங்கள் மூலம் தேடினால் ஆள் கிடைப்பார். முகவரி மாறினால் தூதரகத்துக்கும் குடியேற்றத் துறைக்கும் தெரிவித்தார்களா என்று பாருங்கள், ஒரு கடிதம் பழைய வீட்டுக்குப் போனதால் 120 நாட்கள் கடந்துபோன வழக்கு இப்போதும் என்னிடம் இருக்கிறது. சட்ட ஆலோசனைக்கு அங்கீகாரம் பெற்ற இலவச உதவி அமைப்புகளிடம் மட்டும் அனுப்புங்கள்.

புகைப்படத்தில் பேனாவால் கிறுக்கிய முகம் இருந்தால், அதையும் அப்படியே ஸ்கேன் செய்யுங்கள். ஏன் கிறுக்கினார் என்று அவரே இரண்டு வரி எழுதி இணைக்கட்டும்.