‘நாதா’வை முறையாகப் படிக்க

வணக்கம்.

ஸ்பானிஷ் வகுப்பில் இரண்டாம் ஆண்டு படிக்கிறேன். கார்மென் லாஃபோரெத்தின் ‘நாதா’வை மூலத்திலேயே படிக்க ஆசை. எங்கள் வாட்ஸ்அப் குழுவில் அதன் பிடிஎஃப் ஒன்று சுற்றுகிறது. எண்பது வருஷத்துக்கு முந்தைய நாவல், காப்புரிமை எப்போதோ முடிந்திருக்கும் என்கிறார்கள். சரிதானா? இல்லையென்றால் முறையாக எங்கே கிடைக்கும்? என் ஸ்பானிஷுக்கு அது எட்டுமா?

சு., மதுரை

அன்புள்ள சு.,

சரியில்லை. புத்தகத்தின் வயதை வைத்துக் கணக்குப் போடுவதால் வரும் குழப்பம் இது. இந்தியாவிலும் ஸ்பெயினிலும் எழுத்தாளர் இறந்த ஆண்டிலிருந்துதான் எண்ண வேண்டும். ஸ்பெயினின் நாவல் பரிசான நதாலை, அது தொடங்கிய முதல் முறையே ‘நாதா’ வென்றபோது லாஃபோரெத்துக்கு வயது 23. நூல் 1945இல் வந்தது. அவர் இறந்ததோ 2004இல். இந்தியச் சட்டம் இறப்புக்குப் பின் 60 ஆண்டு தருவதால் இங்கே 2064 முடியும்வரை உரிமை உண்டு. ஸ்பெயினில் 70 ஆண்டு, அதாவது 2074 வரை. அமெரிக்காவில் கணக்கே வேறு: இதைப் போன்ற பழைய நூல்களுக்கு வெளியான ஆண்டிலிருந்து 95 ஆண்டு. அங்கே 2041 பிறந்ததும் யாரும் பதிப்பிக்கலாம். அப்போது இலவச மின்நூல் தளமான குட்டன்பர்க்கில் அது ஏறினாலும் மதுரையில் இருப்பவருக்கு அந்த அனுமதி செல்லாது. மொழிபெயர்ப்புக்குத் தனி உரிமை உண்டு. ஈடித் கிராஸ்மனின் 2007 ஆங்கில மொழிபெயர்ப்பு இன்னும் நீண்ட காலம் காப்புரிமையில் இருக்கும்.

சட்டத்தை ஒதுக்கி வைத்தாலும் இப்படிச் சுற்றும் பிடிஎஃப் உங்களைப் போல மொழி கற்பவருக்கு ஆகாது. ஸ்பானிஷ் நாவல்களில் உரையாடலை மேற்கோள்குறிக்குள் போடுவதில்லை. நீண்ட கோடு ஒன்றில் தொடங்குவார்கள். நடுவில் கதைசொல்லி குறுக்கிட்டால் அதற்கும் கோடுதான். ஸ்கேன் செய்த பக்கத்தை மென்பொருள் எழுத்தாக மாற்றும்போது முதலில் தொலைவது இந்தக் கோடுகள். யார் பேசுகிறார், எங்கே பேச்சு முடிந்தது என்று தெரியாமல் போகும். எழுத்தின் மேல் வரும் அழுத்தக்குறி விழுந்தால் ‘பேசுகிறேன்’ என்பதும் ‘பேசினான்’ என்பதும் ஒரே வடிவமாகிவிடும். தன்மையில் சொல்லப்படும் நாவலில் இது சின்னக் கோளாறில்லை.

எங்கே வாங்குவது? ஸ்பானிஷில் தெஸ்தினோ பதிப்பகம் அச்சிலும் மின்நூலாகவும் வைத்திருக்கிறது. தேடும்போது ஆசிரியர் பெயரையும் சேர்த்துப் போடுங்கள். ‘நாதா’ (ஒன்றுமில்லை) அன்றாடச் சொல் என்பதால் தலைப்பு மட்டும் உதவாது. மின்நூல் உரிமையை நாடுவாரியாக விற்பதால் ஸ்பெயின் கடையில் இருப்பது இந்தியக் கணக்கில் தெரியாமல் போகலாம். பொய் முகவரி கொடுத்து வாங்காதீர்கள். அச்சுப் பிரதியை வரவழையுங்கள். பழைய பிரதி வாங்குவதிலும் சட்டச் சிக்கல் இல்லை. ஆங்கிலம் துணைக்கு வேண்டுமென்றால் பிரிட்டன் பதிப்பைத் தேடுங்கள். இந்திய விற்பனை பெரும்பாலும் அவர்கள் கையில்தான் இருக்கும்.

இரவல் வாங்க டெல்லி ஹனுமன் சாலையில் உள்ள, ஸ்பெயின் அரசின் மொழி, பண்பாட்டு மையமான செர்வாந்தஸ் நிறுவனத்தின் நூலகத்தைக் கேட்கலாம். உறுப்பினர் அட்டைக்கு மின்நூல் இரவலும் உண்டா, வெளியூர்க்காரருக்கு என்ன விதி என்று எழுதிக் கேளுங்கள். ‘நாதா’வின் முகப்பில் இருப்பது ஸ்பானிஷ் கவிஞர் ஹுவான் ரமோன் ஹிமெனெஸின் வரிகள். அந்த நூலகத்துக்கோ தாகூரை ஸ்பானிஷில் கொண்டுவந்த அவர் மனைவி செனோபியா கம்ப்ரூபியின் பெயர். நூலகங்கள் ஒன்றுக்கொன்று புத்தகம் இரவல் தரும் டெல்நெட் வலையமைப்பில் உங்கள் கல்லூரி நூலகம் உறுப்பினராக இருந்தால், ஸ்பானிஷ் துறை உள்ள டெல்லி ஜேஎன்யூ, ஹைதராபாத் இஃப்ளூ போன்ற பல்கலைக்கழகங்களிலிருந்து நூலகர் வழியாகக் கேட்டுப் பார்க்கலாம்.

காசில்லாமல் இன்றே தொடங்க வேண்டுமா? பியோ பரோஹாவின் ‘அறிவின் மரம்’ (1911) இருக்கிறது. மத்ரித்தில் மருத்துவம் படிக்கும் ஆந்த்ரேஸ் உர்தாதோ என்ற இளைஞன் வளரும் கதை. பரோஹா இறந்தது 1956இல். இந்தியாவில் 2017 தொடக்கத்திலிருந்து கட்டற்றது. ஸ்பெயினிலோ 1987க்கு முன் இறந்தவர்களுக்குப் பழைய 80 ஆண்டு விதி என்பதால் 2036 முடிய வேண்டும். மதுரையில் தடையில்லாமல் இறக்கிக்கொள்ளக்கூடிய நாவலை மத்ரித்காரர் காத்திருந்து பெற வேண்டியிருக்கிறது! ஆனால் இந்தச் சுதந்திரம் மூலத்துக்கு மட்டும். இன்றைய பதிப்பாசிரியர் எழுதிய முன்னுரையும் அடிக்குறிப்பும் அவருடைய சொத்து.

மொழியளவிலும் பரோஹாவை முதலில் வைப்பேன். வாக்கியங்கள் குட்டையானவை, அத்தியாயங்களும் அப்படியே: ஏழு பகுதிகளில் 53. நான்காம் பகுதி முழுக்க ஆந்த்ரேஸும் மாமா இதுர்ரியோஸும் தத்துவம் பேசுவார்கள், கான்ட், ஷோபன்ஹவர் என்று. நிறையப் பேர் புத்தகத்தை மூடுவது அங்கேதான். புரிந்த அளவில் கடந்து ஐந்தாம் பகுதிக்குப் போய்விடுங்கள்; கதை அங்கே கிராமத்துக்கு நகர்கிறது.

‘நாதா’வில் சிரமம் தொடக்கத்திலேயே. நள்ளிரவில் பார்சலோனாவில் இறங்கும் ஆந்த்ரேயா, அரிபாவ் தெருவில் பாட்டி வீட்டுக்குள் நுழைகிறாள். தட்டுமுட்டுச் சாமான், தூசி, ஒட்டடை என்று பெயர்ச்சொற்கள் குவியும். அதே சில பக்கங்களில் பாட்டி, பாட்டியின் மகள் ஆங்குஸ்தியாஸ், மகன்கள் ரோமான், ஹுவான், ஹுவானின் மனைவி குளோரியா, வேலைக்காரி அந்தோனியா என எல்லோரும் வருவார்கள். உறவுமுறையை ஒரு தாளில் எழுதிக்கொண்டு முதல் அத்தியாயத்தை இரண்டு முறை படியுங்கள். உள்நாட்டுப் போரைப் பற்றி நேராக அதிகம் பேசமாட்டார்கள். தணிக்கைக் காலத்து நூல். இரண்டாம் பகுதியில் காய்கறி வெந்த தண்ணீரை அவள் குடிக்கும் இடங்களில் போருக்குப் பிந்தைய பஞ்சம் தெரியும்.

கிராஸ்மன் பதிப்பில் பெரு நாட்டு நாவலாசிரியர் வர்காஸ் யோசாவின் முன்னுரை உண்டு. அதை நாவலை முடித்த பிறகு படியுங்கள்.