புலி கொல் யானை: செத்தது எது?

கேள்வி: ஆங்கிலத்தில் சொற்களை இடம் மாற்றினால் பொருளே மாறிவிடுகிறது. தமிழில் எப்படிப் போட்டாலும் மாறுவதில்லை. அப்படியானால் தமிழில் சொல் வரிசைக்கு விதியே கிடையாதா?

பதில்: 'பூனை எலியைத் துரத்தியது', 'எலியைப் பூனை துரத்தியது'. இரண்டிலும் ஓடுவது எலிதான். அதைக் காட்டிக்கொடுப்பது எலியின் வாலில் ஒட்டியிருக்கும் 'ஐ'. ஆங்கிலத்துக்கு அந்த வசதி இல்லை. 'கேட்' (cat, பூனை) வினைக்கு முன்னால் நின்றால் துரத்துகிறது, பின்னால் போனால் துரத்தப்படுகிறது. ஆயிரம் வருடத்துக்கு முந்தைய ஆங்கிலத்தில் பெயர்களுக்கு வேற்றுமை உருபுகள் இருந்தன. அவை தேய்ந்த காலத்தில்தான் வரிசையும் இறுகியது.

ஆனால் 'எப்படிப் போட்டாலும்' என்கிறீர்களே, அதை ஒப்புக்கொள்ள மாட்டேன். அந்த 'ஐ'யை எடுத்துவிட்டுப் பாருங்கள். 'பூனை எலி பிடிக்கும்', சரி. 'எலி பூனை பிடிக்கும்' என்றால்? எலிக்கு எங்கிருந்து வந்தது இந்தத் தைரியம்! உருபு போனதும் தமிழும் இடத்தைப் பார்க்க ஆரம்பித்துவிடுகிறது. செயப்படுபொருள் வினையை ஒட்டி நின்றால்தான் நிம்மதி. 'நேற்று புத்தகம் படித்தேன்' இயல்பாக இருக்கிறது. 'புத்தகம் நேற்று படித்தேன்' என்றால் காது கொஞ்சம் தயங்குகிறது. 'புத்தகத்தை நேற்றே படித்துவிட்டேன்' என்று உருபைச் சேர்த்ததும் தயக்கம் போய்விடுகிறது.

இதை நான் பட்டுத் தெரிந்துகொண்டேன். பல வருடங்கள் பிழை திருத்துவதுதான் என் பிழைப்பு. ஒரு நாளிதழில் இரவுப் பணியில் இருந்தபோது 'காவலர் தாக்கிய இளைஞர் கைது' என்று ஒரு தலைப்பு வந்தது. செய்தியை முழுதாகப் படித்திருந்ததால் அடித்தவர் இளைஞர் என்று எனக்குத் தெரியும். தலைப்பில் கோளாறே தெரியவில்லை. காலையில் வந்த முதல் தொலைபேசி அழைப்பு, "அடியும் வாங்கி, கைதும் ஆனாரா பாவம்?" என்றது. 'காவலரைத் தாக்கிய' என்று போட்டிருக்க வேண்டும். ஓர் எழுத்துக்கான இடத்தை மிச்சம் பிடித்த பலன்.

தொல்காப்பியர் இதற்குப் பெயரே வைத்திருக்கிறார்: தடுமாறு தொழிற்பெயர். உரைகாரர்கள் காட்டும் உதாரணம் 'புலி கொல் யானை'. இரண்டாம் வேற்றுமையாக விரித்தால் புலியைக் கொன்ற யானை. மூன்றாம் வேற்றுமையாக விரித்தால் புலியால் கொல்லப்பட்ட யானை. கோளாறு பெயரெச்சத்தின் அமைப்பில் இருக்கிறது. 'கொன்ற' என்பது காலத்தைச் சொல்லுமே தவிர, பின்னால் வரும் பெயர் கொன்றதா செத்ததா என்று சொல்லாது. 'நான் எழுதிய கடிதம்', 'நான் எழுதிய பேனா', 'நான் எழுதிய மேசை' மூன்றுக்கும் ஒரே 'எழுதிய'தான். ஆங்கிலத்தில் இங்கே முன்னிடைச்சொற்கள் ('வித்', 'ஆன்' போன்றவை) வந்து நின்றுகொள்ளும். தமிழ் நம் புத்தியை நம்பி விட்டுவிடுகிறது.

அப்புறம் ஒன்று. ஜோசப் கிரீன்பெர்க் என்ற அமெரிக்க மொழியியலாளர் 1963இல் 30 மொழிகளை ஒப்பிட்டு 45 பொதுவிதிகளைத் தந்தார். 41ஆவது விதி: எழுவாய், செயப்படுபொருள் இரண்டுக்கும் பிறகு வினை வருவதே வழக்கமாக உள்ள மொழிகளில் ஏறக்குறைய எப்போதும் வேற்றுமை அமைப்பு இருக்கும். தமிழ், துருக்கி, ஜப்பான் மொழி எல்லாம் இந்தக் கட்சி. எனக்கு நியாயமாகப் படும் காரணம் இதுதான்: ஆங்கிலத்தில் வினை நடுவில் நின்று இரண்டு பெயர்களையும் பிரித்துவைக்கிறது. நம்மிடம் இரண்டும் பக்கத்தில் பக்கத்தில் நிற்கின்றன, அடையாளம் வேண்டாமா?

கேள்வி: 'வந்தேன்' என்றால் போதும், 'நான்' தேவையில்லை. ஆங்கிலத்தில் 'ஐ' (I, நான்) கட்டாயம். நம் வினை விகுதிதான் காரணமா?

பதில்: அப்படித்தான் நானும் பல காலம் சொல்லிக்கொண்டு திரிந்தேன். சாட்சியும் இருந்தது. ஸ்பானிய மொழியில் 'ஆப்லோ' என்றாலே 'பேசுகிறேன்', 'நான்' வேண்டாம். அதன் உறவான பிரெஞ்சில் நான் பேசுகிறேன், நீ பேசுகிறாய், அவர்கள் பேசுகிறார்கள் மூன்றிலும் வினை காதுக்கு 'பார்ல்' என்றே கேட்கும், அதனால் எழுவாயை விட முடியாது. கச்சிதமான கொள்கை.

அதை உடைத்தவர் ஒரு மலையாள நண்பர். மலையாள வினையில் திணை, பால், இட விகுதி கிடையாது. நானும் 'வன்னு', அவளும் 'வன்னு', அவர்களும் 'வன்னு'. ஆனாலும் 'எப்போ வன்னு?' என்று கேட்டால் 'இன்னலெ வன்னு' என்று சாவகாசமாகப் பதில் வருகிறது. நேற்று வந்தது யார் என்று யாரும் குழம்புவதில்லை. சீனம், ஜப்பான் மொழிகளிலும் இதே கதை. ஆகவே விகுதி உதவுகிறது என்று வேண்டுமானால் சொல்லலாம். அதுதான் காரணம் என்று இப்போது நான் சொல்வதில்லை.

கேள்வி: ஒரே சொல்லில் முழு வாக்கியம் அடங்கும் மொழிகளில் வரிசை என்று ஒன்று இருக்குமா?

பதில்: இருக்கும், சொல்லுக்குள்ளே. கிழக்கு ஆப்பிரிக்க மொழியான சுவாஹிலியில் 'நினகுபெண்டா' என்றால் 'உன்னை நேசிக்கிறேன்'. 'நி' நான், 'ந' நிகழ்காலம், 'கு' உன்னை, 'பெண்டா' நேசி. 'அனனிபெண்டா' என்றால் அவன் என்னை நேசிக்கிறான், அல்லது அவள் என்னை நேசிக்கிறாள். முன்பு தலையில் எழுவாயாக இருந்த 'நி' இப்போது வினையடிக்குப் பக்கத்தில் வந்து 'என்னை' ஆகிவிட்டது, பார்த்தீர்களா? வடிவம் மாறவில்லை, இடம்தான் மாறியது. ஆங்கிலம் வாக்கியத்தில் செய்வதைச் சுவாஹிலி சொல்லுக்குள் செய்கிறது.