கட்டுவிரியனையும் வெள்ளிக்கோல் வரையனையும் எப்படிப் பிரித்தறிவது?

கேட்டவர் தோட்டத்து வீட்டில் இருப்பவர் என்று நினைக்கிறேன். ஓட்டுச் சாளை, பக்கத்தில் கட்டுத்தறி, தென்னை மட்டைக் குவியல் இருந்தால் இந்த இரண்டு பாம்பும் கண்ணில் படத்தான் செய்யும்.

வரையனுக்குக் கழுத்திலிருந்தே பட்டை ஆரம்பித்து, வாலுக்குப் போகப்போக மங்கிவிடும். விஷம் கிடையாது. கட்டுவிரியனுக்குத் தலைக்குப் பின்னால் கொஞ்ச தூரம் வெறும் கறுப்பு. அப்புறம் மெல்லிய வெள்ளைக் கோடுகள் இரண்டிரண்டாக வால்வரை தெளிவாகப் போகும். நடுமுதுகுச் செதில் வரிசை மட்டும் பெரிதாக, அறுகோணமாக இருக்கும்.

இதெல்லாம் பிளஸ் டூ படிக்கும்போதே எனக்கு மனப்பாடம். காங்கேயம் பக்கம் எங்கள் சாளை. ஐப்பசியில் மழை விட்ட ஒரு சாயங்காலம், திண்ணை ஓரம் ஒரு முழப் பாம்பு. பெரியப்பா தடியை ஓங்கிவிட்டார். டார்ச் அடித்துப் பார்த்தேன். கழுத்துப் பக்கமே வெள்ளை தெரிந்தது. "வரையனுங்க பெரிப்பா, உடுங்க" என்றேன். படிக்கிற பையன் சொல்கிறான் என்று தடியை இறக்கிவிட்டார். அது சுவர்ச் சந்தில் நுழைந்துவிட்டது.

அன்று ராத்திரி தரையில் பாய் போட்டுப் படுத்தவர் மூன்று மணிக்கு எழுப்பினார். "வகுறு நோவுது கண்ணு." வாயு என்று ஓமத் தண்ணீர் கொடுத்தோம். கடிவாய் தெரியவில்லை, வீக்கமும் இல்லை. விடியும்போது கண் இமை மேலே ஏறவில்லை, பேச்சு குழறியது. பக்கத்துத் தோட்டத்து அண்ணன் அந்தக் கண்ணைப் பார்த்ததுமே கட்டுவிரியன் கடி என்று சொல்லிவிட்டார். மந்திரிக்கக் கூட்டிப்போகலாம் என்றவர்களைத் தள்ளிவிட்டு வண்டியைப் பெரிய ஆஸ்பத்திரிக்கு விட்டார். ஆறு நாள் செயற்கை சுவாசம். பிழைத்தார்.

நான் பார்த்த அதே பாம்புதான் கடித்தது என்று நிரூபிக்க முடியாது, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் குட்டிக் கட்டுவிரியனுக்கு முன்பக்க முதுகிலும் வெள்ளைப் புள்ளிகள் இருக்கும் என்று பிறகுதான் தெரிந்துகொண்டேன். வலிக்காமல் பாம்பு கடிக்குமா என்று கேட்பவர்களுக்கு: கட்டுவிரியனுக்குப் பல் சிறியது, தூங்குகிறவருக்குத் தெரியாமலே போகலாம். பாம்பை அடிக்கச் சொல்கிறேன் என்றும் யாரும் சண்டைக்கு வரவேண்டாம். பட்டை போட்ட எதையும் வரையன் என்று நீங்களே பெயர் சொல்லி வீட்டுப் பக்கத்தில் விட்டுவிடாதீர்கள், பாம்பு பிடிப்பவரைக் கூப்பிடுங்கள் என்கிறேன், அவ்வளவுதான். கடித்துவிட்டால் அடையாளம் கண்டுபிடிக்க நேரம் செலவழிக்கவே வேண்டாம். நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் நாலுக்கும் ஆஸ்பத்திரியில் போடுவது ஒரே மருந்துதான். ராத்திரி கட்டிலில் படுங்கள், கொசுவலையை மெத்தைக்கு அடியில் செருகிவிடுங்கள்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். "இப்பத்தான் வீட்டுக்குள்ள பாம்பு அதிகமா வருது" என்று எங்கள் பங்காளிகளே சொல்கிறார்கள். தாத்தா காலத்தில் கிளுவை மரம் நட்டு வளர்த்த உயிர்வேலியைப் பொக்லைன் வைத்துப் பிடுங்கிக் கம்பி வேலி போட்டது யார்? அந்த வேலிக்குள்தான் கீரியும் உடும்பும் கௌதாரியும் இருந்தன, பாம்புக்கும் அங்கேயே இடம் இருந்தது. மாடு மேய்கிற கொரங்காடு முழுக்க மனை பிரித்துக் கல் நட்டாயிற்று. கேட்டால் வேலி நிலத்தைத் தின்கிறதாம். மூன்றடி நிலம். எங்கள் பங்கில் இருக்கிற வேலியை மட்டும் நான் தொட விடவில்லை.