பிளேஸ்டேஷன் இருக்கும் வீட்டில் ஓடிடிக்குத் தனியாக ஸ்டிக் வாங்கணுமா?

கேள்வி இதுதான்: வீட்டில் பிஎஸ் 4 இருக்கிறது, டிவி ஸ்மார்ட் டிவி இல்லை. ஓடிடி பார்க்க அதிலேயே ஆப் போட்டுக்கொண்டால் போதுமா, டிவியில் செருகி ஓடிடி பார்க்கும் ஸ்டிக்கைத் தனியாக வாங்கணுமா? பையனுக்கு வாங்க நினைக்கும் நின்டெண்டோ ஸ்விட்ச் என்ற கேம் மிஷினிலும் படம் பார்க்க முடியுமா?

பிஎஸ் 4 போதும், நன்றாகவே ஓடும். கேம் விளையாடிப் பழக்கமில்லாத பெரியவர்கள் வீட்டில் இருந்தால் மட்டும் ஸ்டிக்கைப் பற்றி யோசியுங்கள். ஸ்விட்சைப் படம் பார்ப்பதற்காக வாங்காதீர்கள்.

எங்கள் வீட்டில் ஆறு வருடம் பிஎஸ் 4-தான் கேம் மிஷின், அதுதான் தியேட்டர். செகண்ட் ஹேண்டில் வாங்கிய முதல் மாடல். நெட்ஃபிளிக்ஸ், பிரைம் வீடியோ, யூடியூப் மூன்றையும் ஸ்டோரிலிருந்து இறக்கிக்கொண்டோம், அவ்வளவுதான் வேலை. ஆப் ஓடுவதில் குறையே இல்லை. சிக்கல் வந்தது கன்ட்ரோலரால்.

எங்கள் அம்மாவுக்கு ஞாயிற்றுக்கிழமை மதியம் சாப்பாடு முடிந்து, அடுப்படியை ஒழித்துவிட்டு வந்து ஒரு பழைய படம் பார்க்க வேண்டும். யூடியூபில் போட்டுக் கொடுத்துவிட்டு நான் மாடிக்குப் போய்விடுவேன். ஒரு நாள் கீழேயிருந்து குரல்: "டேய், சீக்கிரம் வாடா, படம் அதுவா ஓடுது!" வந்து பார்த்தால், பாதிகூடத் தாண்டியிருக்கக் கூடாத படம் கிளைமாக்ஸில் நிற்கிறது. அம்மா எதையும் அமுக்கவில்லை. கன்ட்ரோலரை சோபாவில் வைத்தார், அவ்வளவுதான். அதன் பின்பக்கம் விரல் படும் இடத்தில் இருக்கும் ஆர் 2 விசை மெத்தையில் பதிந்துகொண்டது. வீடியோ ஆப்களில் அந்த விசைக்கு முன்னால் ஓட்டுகிற வேலை. கேம் ஆடுகிறவன் கன்ட்ரோலரைக் கையை விட்டு வைப்பதே இல்லை என்பதால் இது எனக்குத் தோன்றியதே இல்லை.

அன்றிலிருந்து அம்மா அதைத் தொடவில்லை. கெடுத்துவிட்டோம் என்று நினைத்துக்கொண்டார். "நீ ஆபீஸ் விட்டு வந்து போட்டுக் குடுப்பா, எனக்கு ஒண்ணும் அவசரமில்ல" என்பார். வீட்டில் இவ்வளவு இருந்தும் ஒரு படம் பார்க்க அவர் ஏழு மணி வரை காத்திருந்தது எனக்கு மிகவும் கஷ்டமாக இருந்தது.

இரண்டு வழி கண்டுபிடித்தேன், இரண்டும் காசு செலவில்லாதவை. ஒன்று, படம் ஓடத் தொடங்கியதும் நடுவில் இருக்கும் பிஎஸ் பட்டனை ஒரு பத்து விநாடி அமுக்கிப் பிடியுங்கள். கன்ட்ரோலர் மட்டும் அணைந்துவிடும், படம் பாட்டுக்கு ஓடும். பிறகு அதை எங்கே வைத்தாலும் கவலையில்லை, சார்ஜும் மிஞ்சும். அது தானாகவே அணைய வேண்டுமென்றால், செட்டிங்ஸில் 10, 30, 60 நிமிடம் என்று நேரம் வைக்கலாம்.

இரண்டாவது வழிதான் அம்மாவை மறுபடி டிவி முன்னால் உட்கார வைத்தது. எச்டிஎம்ஐ ஒயருக்குள் படமும் சத்தமும் மட்டும் போவதில்லை. சிஇசி என்று ஒரு வசதி, டிவி ரிமோட்டின் கட்டளையையும் அதே ஒயரில் கன்சோலுக்கு, அதாவது கேம் மிஷினுக்கு அனுப்பும். ஒவ்வொரு கம்பெனியும் அதற்கு ஒரு பெயர் வைத்திருக்கும். சாம்சங்கில் எனிநெட் பிளஸ், எல்ஜியில் சிம்ப்ளிங்க், சோனியில் பிராவியா சிங்க். ஸ்மார்ட் டிவியாக இருக்க வேண்டும் என்றில்லை, பழைய எல்சிடி டிவிகள் பலவற்றிலும் இது உண்டு. டிவி மெனுவில் அதை ஆன் செய்துவிட்டு, பிஎஸ் 4 செட்டிங்ஸில் சிஸ்டம் பகுதிக்குள் 'எச்டிஎம்ஐ டிவைஸ் லிங்க்' என்பதையும் டிக் செய்யுங்கள். எங்கள் டிவி ரிமோட்டின் அம்புக்குறிகளும் ஓகே பட்டனும் அப்படியே பிஎஸ் 4-ல் வேலை செய்தன. தங்கச்சி அந்த ஓகே பட்டன் மேல் ஒரு ஸ்டிக்கர் பொட்டை ஒட்டிவிட்டு, "கீழ போம்மா, போய்ப் பொட்டை அமுக்கு" என்று சொல்லிக்கொடுத்தாள். இரண்டே நாளில் பழகிவிட்டது. பொட்டு தேய்ந்தால் அம்மாவே புதுசு ஒட்டிக்கொள்வார்.

டிவிக்கு டிவி இது மாறும் என்பதால், ஸ்டிக்குக்குப் பணம் கட்டுவதற்கு முன்னால் இதை முயன்று பாருங்கள். உங்கள் டிவியில் நடக்கவில்லை, வீட்டில் பெரியவர்களும் இருக்கிறார்கள் என்றால் தயங்காமல் ஸ்டிக் வாங்கிவிடுங்கள்.

அடுத்தது நெட். 2013-ல் வந்த முதல் மாடல் பிஎஸ் 4-க்கு 2.4 கிகாஹெர்ட்ஸ் வைஃபை மட்டும்தான் பிடிக்கும். 5 கிகாஹெர்ட்ஸ் பிறகு வந்த ஸ்லிம், ப்ரோ மாடல்களில்தான் வந்தது. அபார்ட்மென்ட்டில் மேல் வீடு, பக்கத்து வீடு, எதிர் வீடு எல்லோருடைய ரவுட்டரும் அந்த 2.4-லேயே நெருக்கியடிக்கும். அதனால்தான் போனில் பளிச்சென்று ஓடும் படம் கன்சோலில் மட்டும் சுற்றிக்கொண்டு நிற்கும். நெட் கம்பெனிக்கு போன் போட்டுச் சண்டை போடுவதற்கு முன், ரவுட்டரிலிருந்து ஒரு லேன் ஒயரை இழுத்துக் கன்சோலில் செருகிப் பாருங்கள். நெட்ஃபிளிக்ஸ் 1080பி-க்குக் கேட்பது 5 எம்பிபிஎஸ், 4கே-க்கு 15 எம்பிபிஎஸ். வேகம் பெரும்பாலும் போதுமானதாகவே இருக்கும். அது கன்சோல் வரை ஒழுங்காக வந்து சேர்வதில்தான் பிரச்சினை.

படத்தின் தரம் நெட்டை மட்டும் பொறுத்ததும் இல்லை. ஓடிடிக்காரர்கள் படத்தைப் பூட்டுப் போட்டுத்தான் அனுப்புவார்கள். அந்தப் பூட்டை ஹார்டுவேருக்குள்ளேயே பாதுகாப்பாகத் திறக்கும் சாதனத்துக்கு முழுத் தரம் கொடுப்பார்கள்; வெறும் சாஃப்ட்வேரில் திறக்கும் பிரவுசருக்குக் குறைத்துத்தான் கொடுப்பார்கள். லேப்டாப் பிரவுசரில் மங்கலாகத் தெரியும் அதே படம் கன்சோலில் துல்லியமாக இருப்பதற்கு இதுவே காரணம். சாதா பிஎஸ் 4-ல் 1080பி வரை, ப்ரோவிலும் பிஎஸ் 5-லும் 4கே வரை கிடைக்கும்.

இந்தப் பூட்டு விஷயம் ஒரு நாள் முழு சாயங்காலத்தைத் தின்றது. படம் போட்டால் எந்த ஆப்பும் திறக்கவில்லை. ரீஸ்டார்ட் செய்தேன், ஆப்பை அழித்துவிட்டு மறுபடி இறக்கினேன், ஒயரைக்கூட மாற்றினேன். கடைசியில் தங்கச்சி பையன் வந்து, "மாமா, நான் கேம் ரெக்கார்ட் பண்றதுக்கு ஒரு செட்டிங்க ஆஃப் பண்ணேன், அதுவா இருக்குமா?" என்றான். அதேதான். எச்டிசிபி என்ற அந்த செட்டிங், டிவிக்குப் போகும் வழியில் படத்தை யாரும் நகலெடுக்காமல் காக்கிறது. கேப்ச்சர் கார்டு வைத்து விளையாட்டைப் பதிவு செய்ய அதை அணைக்க வேண்டும். அணைத்தால் ஓடிடி ஆப்கள் வேலை செய்யாது. உங்கள் பையனும் கேம் ரெக்கார்ட் செய்கிறவன் என்றால் இதை ஞாபகத்தில் வையுங்கள். பிஎஸ் 4-ல் செட்டிங்ஸ், சிஸ்டம், அங்கே 'எனேபிள் எச்டிசிபி'.

சந்தா விஷயத்தில் ஒன்றைக் கட்டாயம் பாருங்கள். நெட்ஃபிளிக்ஸ் 2021 டிசம்பரில் 199-லிருந்து 149 ரூபாயாகக் குறைத்த மொபைல் திட்டம் போனுக்கும் டேப்லெட்டுக்கும் மட்டுமே. டிவியிலோ கன்சோலிலோ ஓடாது. அதே சமயம் 499-லிருந்து 199-க்கு இறக்கிய பேசிக் திட்டம் டிவியில் ஓடும், 720பி தரத்தில். மற்றபடி ஓடிடி பார்க்க, சோனிக்குக் கட்டும் பிஎஸ் பிளஸ் சந்தா எதுவும் வேண்டாம். மைக்ரோசாஃப்ட்டின் கேம் மிஷினான எக்ஸ்பாக்ஸில் 2014 ஜூன் வரை, ஓடிடிக்கான சந்தா போக மைக்ரோசாஃப்ட்டுக்குத் தனியாக கோல்ட் சந்தாவும் கட்டினால்தான் நெட்ஃபிளிக்ஸே திறக்கும். இப்போது அங்கேயும் தேவையில்லை. எக்ஸ்பாக்ஸ் வைத்திருப்பவர்களுக்கு இன்னொரு நல்ல விஷயம், அதன் சீரிஸ் எக்ஸ், சீரிஸ் எஸ் மாடல்கள் இரண்டிலும் நிறத்தையும் வெளிச்சத்தையும் இன்னும் துல்லியமாகக் காட்டும் டால்பி விஷன் உண்டு, பிஎஸ் 5-ல் இல்லை. அதற்கேற்ற டிவி இருந்தால்தான் அந்த வித்தியாசம் தெரியும்.

கரண்ட் பில்லைப் பற்றி யாரும் பேசுவதில்லை, நான் பேசுகிறேன். பிளக்கில் மாட்டும் சின்ன மீட்டரில் பார்த்தபோது, படம் ஓடும்போதே எங்கள் பழைய பிஎஸ் 4 சுமார் 90 வாட் இழுத்தது. ஸ்டிக்குக்கு மூன்று வாட் போதும். அமெரிக்காவின் என்ஆர்டிசி என்ற சுற்றுச்சூழல் அமைப்பும் 2014-ல் இதைத்தான் சொன்னது: அன்றைய புது கன்சோல்கள் ஒரு படம் காட்ட, ஸ்டிக் மாதிரியான சாதனங்களைவிட 30 முதல் 45 மடங்கு மின்சாரம் எடுக்கின்றன என்று. தினமும் இரண்டு மணி நேரம் என்று வைத்தால், இரண்டு மாத பில்லில் கிட்டத்தட்ட 11 யூனிட். பெரிய தொகை இல்லைதான். ஆனால் தமிழ்நாட்டில் 500 யூனிட்டைத் தாண்டினால் கட்டண அடுக்கே மாறி, 101-லிருந்து 200 வரையிலான யூனிட்டுக்கும் கூடுதல் விலை விழும். கோடையில் ஏசி ஓடி 490-ல் நிற்கிற வீட்டுக்கு அந்த 11 யூனிட் முக்கியம்.

ஸ்டிக்கால் முடியாத ஒன்று கன்சோலுக்கு முடியும். டிஸ்க் டிரைவ் இருக்கிறதே! சித்தி கல்யாண டிவிடியை நாங்கள் பிஎஸ் 4-ல்தான் போட்டுப் பார்த்தோம். பென் டிரைவில் வைத்திருக்கும் எம்கேவி, எம்பி 4 படங்களுக்கு மீடியா பிளேயர் என்ற ஆப் உண்டு. பாட்டு சிடி மட்டும் ஓடாது, அப்பாவுக்கு அதில் கொஞ்சம் ஏமாற்றம்.

இப்போது ஸ்விட்ச். 2017 மார்ச்சில் அது வந்தபோது வீடியோ ஆப் ஒன்றுகூட இல்லை. அந்த நவம்பரில் ஹுலு என்ற அமெரிக்க ஓடிடி வந்தது, அதனால் நமக்குப் பயனில்லை. யூடியூப் வர 2018 நவம்பர் ஆயிற்று. நெட்ஃபிளிக்ஸ் வரவே இல்லை. இதில் ஆச்சரியம் என்னவென்றால், அதற்கு முன் வந்த நின்டெண்டோ மிஷின்களில் நெட்ஃபிளிக்ஸ் இருந்தது. வீ என்ற மிஷினில் 2010-ல் தொடங்கினார்கள். அப்போது ஆப்கூட இல்லை, சந்தாதாரர் வீட்டுக்குத் தபாலில் ஒரு டிஸ்க் வரும், அதைச் செருகினால்தான் படம். 2011 ஜூலையில் கையில் வைத்து ஆடும் 3டிஎஸ்-க்கும் வந்தது, உள்ளங்கை அளவுத் திரையில், 240 பிக்சல் உயரத்தில்! பிறகு 2021 ஜூன் 30-ஆம் தேதி 3டிஎஸ், வீ-க்கு அடுத்து வந்த வீ யு இரண்டிலும் நிறுத்திவிட்டார்கள். 3டிஎஸ் யூடியூப் 2019-லேயே போயிற்று. சோனியின் கையடக்க மிஷினான பிஎஸ் வீட்டாவின் யூடியூப் ஆப் அதற்கும் முன்னால், 2015-ல். மிஷின் கெட்டுப்போகவில்லை, திரை போகவில்லை. அதில் இன்றும் கேம் ஓடும், படம் மட்டும் ஓடாது.

இதை நினைக்கும்போது எனக்கு வீட்டாவுக்கு முன் சோனி விற்ற பழைய பிஎஸ்பி-தான் ஞாபகம் வரும். அதற்கு யுஎம்டி என்று குட்டி டிஸ்கில் சினிமா விற்றார்கள். இன்றைக்கும் அந்த டிஸ்கைப் போட்டால் படம் வரும். பிஎஸ் 2-வில் டிவிடியும் அப்படித்தான். கையில் வைத்து விளையாடும் மிஷினுக்கு ஆப் எழுதிப் பராமரிக்க ஓடிடி கம்பெனிக்குப் பெரிய லாபமில்லை, ஏனென்றால் அதை வைத்திருப்பவரிடம் எப்படியும் போன் இருக்கும். விற்பனை குறைந்ததும் முதலில் போவது அந்த ஆப்தான்.

கையில் வைத்து ஆடும் இன்னொரு மிஷினான ஸ்டீம் டெக் பற்றியும் கேட்பார்கள் என்பதால் ஒரு வரி. அது லினக்ஸ் கம்ப்யூட்டர், டெஸ்க்டாப் மோடுக்குப் போய் பிரவுசரில் எதையும் திறக்கலாம். மேலே சொன்ன பூட்டு காரணமாகத் தரம் குறையும், ஏழு அங்குலத் திரையில் அது அவ்வளவாக உறுத்தாது.

ஆகவே பையனுக்கு ஸ்விட்சை விளையாட வாங்கிக் கொடுங்கள், சந்தோஷமாக விளையாடட்டும். அதில் யூடியூப் போடுவதாக இருந்தால், நின்டெண்டோவின் பேரன்டல் கன்ட்ரோல்ஸ் ஆப்பை உங்கள் போனில் இறக்கிக்கொள்ளுங்கள். எதில் எவ்வளவு நேரம் போயிற்று என்று தினமும் தெரியும், நேரத்துக்கு எல்லையும் வைக்கலாம்.

உங்கள் பிஎஸ் 4 எந்த மாடல் என்று கேள்வியில் இல்லை. பெட்டியின் பின்பக்கம் அல்லது அடியில் சியுஎச் என்று தொடங்கும் எண் இருக்கும். அடுத்த இலக்கம் 1 என்றால் முதல் மாடல், 2 என்றால் ஸ்லிம், 7 என்றால் ப்ரோ. 1 என்றால் ரவுட்டரிலிருந்து டிவி வரை எத்தனை மீட்டர் என்று அளந்துகொண்டு, முதலில் லேன் ஒயரை வாங்கி வாருங்கள்.