லாஞ்சர் கேட்கும் டிஎல்எல் கோப்பைத் தனியாக இறக்கிப் போடலாமா?

கேள்வி: என் லேப்டாப்பில் கேம்களை இறக்கித் திறக்கும் லாஞ்சர் ஒன்றை நிறுவினேன். திறந்தால் ‘எம்எஸ்விசிபி140.டிஎல்எல் இல்லை’ என்று ஒரு பெட்டி வருகிறது. லாஞ்சரை நீக்கிவிட்டு மறுபடி நிறுவியும் பலனில்லை. ஒரு இணையதளத்தில் அந்தக் கோப்பு மட்டும் கிடைத்தது. இறக்கி சிஸ்டம்32 ஃபோல்டரில் போட்டேன். இப்போது 0எக்ஸ்சி000007பி என்று வேறொரு பிழை வருகிறது. என்ன செய்வது? இன்னொரு சந்தேகம்: ஒரே பெயருள்ள டிஎல்எல்கள் பல ஃபோல்டர்களில் கிடக்கின்றன. ஒன்றை வைத்துக்கொண்டு மற்றதை நீக்கலாமா?

பதில்: பிழை மாறியதே ஒரு துப்புதான். முதலில் அந்த டிஎல்எல் (பல புரோகிராம்கள் பகிர்ந்து பயன்படுத்தும் கோப்பு) கிடைக்கவில்லை. இப்போது கிடைத்திருக்கிறது, ஆனால் ஏற்றிக்கொள்ள முடியவில்லை. அந்த எண் பெரும்பாலும் 32 பிட், 64 பிட் என்ற இரண்டு வகைப் புரோகிராம் கோப்புகள் கலந்துவிட்டதைத்தான் காட்டும். உங்கள் லாஞ்சர் 64 பிட்டாக இருக்கும், நீங்கள் இறக்கிய கோப்பு 32 பிட்டாக இருக்கும். இதில் விண்டோஸ் வைத்திருக்கும் பெயர்கள் வேறு நம்மைக் குழப்பும். 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 ஃபோல்டரில் இருப்பவை 64 பிட் கோப்புகள். 32 பிட் கோப்புகளுக்கான இடம் சிஸ்வாவ்64. பெயரைப் பார்த்து வைத்தால் நிச்சயம் மாறிப்போகும்.

சரி, இப்போது செய்ய வேண்டியது. நீங்கள் கொண்டுவந்து போட்ட அந்த ஒரு கோப்பை மட்டும் சிஸ்டம்32-இலிருந்து நீக்குங்கள். பக்கத்தில் இருக்கும் எதையும் தொடாதீர்கள். பிறகு மைக்ரோசாஃப்ட் தளத்துக்கே போய், இத்தகைய டிஎல்எல்கள் அடங்கிய ‘விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிள்’ தொகுப்பின் ஆகப் புதிய பதிப்பை இறக்குங்கள். எக்ஸ்86 (32 பிட்), எக்ஸ்64 (64 பிட்) என்று இரண்டு இருக்கும். இரண்டையும் நிறுவுங்கள். ஏற்கெனவே இருக்கிறது என்று சொன்னால் ‘ரிப்பேர்’ கொடுங்கள். கணினியை ஒருமுறை ரீஸ்டார்ட் செய்துவிட்டு லாஞ்சரைத் திறந்து பாருங்கள். அந்த இணையதளக் கோப்பு ஏற்கெனவே உள்ளே வந்துவிட்டதால், வைரஸ் ஸ்கேன் ஒன்றையும் முழுமையாக ஓட்டிவிடுங்கள்.

64 பிட் கணினிக்கு 32 பிட் தொகுப்பு எதற்கு என்று கேட்கலாம். லாஞ்சர் என்பது பார்க்க ஒரு ஐகான்தான். ஆனால் பின்னால் திறப்பது ஒரு புரோகிராம், அப்டேட் இறக்குவது இன்னொன்று, அது கிளப்பிவிடும் கேம் மற்றொன்று. ஒன்று 32 பிட்டாகவும் மற்றது 64 பிட்டாகவும் இருப்பது சகஜம். அதனால் பிழைப் பெட்டியின் தலைப்புப் பட்டையையும் படியுங்கள். ‘சிஸ்டம் எரர்’ என்பதற்கு முன்னால் ஒரு இஎக்ஸ்இ பெயர் இருக்கும். அந்த டிஎல்எல்லைக் கேட்பது அதுதான். பலரும் உள்ளே இருக்கும் செய்தியை மட்டும் படித்துவிட்டுப் பெட்டியை மூடிவிடுகிறார்கள்.

டிஎல்எல் என்பது பல புரோகிராம்களுக்குப் பொதுவான வேலைகளை எழுதி வைத்திருக்கும் கோப்பு. ஒவ்வொரு புரோகிராமும் அதே வேலையைத் தனக்குள் எழுதிக்கொள்ளாமல், தேவைப்படும்போது இதைக் கூப்பிட்டுக்கொள்ளும். ஆனால் அது பெரும்பாலும் தனியாக வருவதில்லை. ஏதோ ஒரு தொகுப்பின் உறுப்பாகத்தான் வரும். அதனால் ஒரு கோப்பு காணவில்லை என்றால், அது எந்தத் தொகுப்பைச் சேர்ந்தது என்று பார்த்து அந்தத் தொகுப்பையே நிறுவுவதுதான் முறை.

பெயரே பாதி வழி காட்டிவிடும். எம்எஸ்விசிபி140, விசிரன்டைம்140 இரண்டும் மேலே சொன்ன தொகுப்பு. விசிரன்டைம்140_1 என்று கடைசியில் ஒரு ‘1’ சேர்ந்து வந்தால், தொகுப்பு இருக்கிறது, ஆனால் பழசு என்று அர்த்தம். 2019-க்கு முந்தையவற்றில் அந்தக் கோப்பு கிடையாது. எம்எஸ்விசிபி120 என்றால் 2013 தொகுப்பு, எம்எஸ்விசிஆர்100 என்றால் 2010. டி3டிஎக்ஸ்9_43, எக்ஸ்இன்புட்1_3 போன்றவை பழைய கேம்கள் கேட்பவை. மைக்ரோசாஃப்டின் 2010 ஜூன் டைரக்ட்எக்ஸ் தொகுப்பில் கிடைக்கும்.

லிப்செஃப், எஃப்எஃப்எம்பெக் என்று பெயர் வந்தால் கதை வேறு. இன்றைய லாஞ்சர்களின் திரை பெரும்பாலும் ஒரு இணைய உலாவிதான். குரோம் உலாவிக்கு அடிப்படையான குரோமியத்தை அப்படியே உள்ளே வைத்துக் கட்டியிருப்பார்கள். லிப்செஃப் ஒன்றே 100 எம்பியைத் தாண்டும். இவை லாஞ்சரின் சொந்தக் கோப்புகள் என்பதால் மைக்ரோசாஃப்ட் தொகுப்பு எதுவும் உதவாது, லாஞ்சரைத்தான் மறுபடி நிறுவ வேண்டும். நிறுவிய பிறகும் மறைந்துபோனால் ஆன்டிவைரஸ் சந்தேகப்பட்டு ஒதுக்கிவைத்தவற்றின் குவாரன்டைன் பட்டியலைத் திறந்து பாருங்கள். அங்கே இருந்தால், லாஞ்சரை அதன் அதிகாரப்பூர்வத் தளத்திலிருந்து இறக்கியிருந்தால் மட்டும் மீட்டெடுங்கள். கிராக் செய்த பதிப்பு என்றால் ஆன்டிவைரஸ் சொல்வதையே நம்புங்கள்.

எதற்கெடுத்தாலும் ‘எஸ்எஃப்சி ஸ்கேன்நவ்’ கட்டளையை ஓட்டச் சொல்வார்கள். ஓட்டுவதால் கெடுதல் இல்லை, ஆனால் அது விண்டோஸின் சொந்தக் கோப்புகளை மட்டுமே சரிபார்க்கும். ‘ரெக்எஸ்விஆர்32’ கட்டளையும் இங்கே வீண். அது பதிவு செய்துகொள்ளும் வகை டிஎல்எல்களுக்கானது. எம்எஸ்விசிபி140 அந்த வகையே அல்ல. லினக்ஸில் இதே சிக்கல் ‘.எஸ்ஓ’ கோப்புகளுக்கு வரும். அங்கே ‘எல்டிடி’ கட்டளை எது இல்லை என்று காட்டிவிடும், அப்புறம் பேக்கேஜ் மேனேஜர் பார்த்துக்கொள்ளும்.

உங்கள் இரண்டாவது கேள்விக்கு வருகிறேன். நீக்க வேண்டாம். பெயர் ஒன்றாக இருந்தாலும் பதிப்பு ஒன்றாக இருக்க வேண்டும் என்பதில்லை. ஒரு காலத்தில் ஒரு மென்பொருள் தன் பதிப்பைக் கொண்டுவந்து பொது இடத்தில் போட, அதை நம்பியிருந்த மற்றவை எல்லாம் படுத்துவிடும். அந்தத் தொல்லைக்குப் பயந்துதான் பலரும் தங்களுக்கு வேண்டிய பதிப்பைத் தங்கள் ஃபோல்டரிலேயே வைத்துக்கொள்கிறார்கள். விண்டோஸும், தனக்கென்று ஒதுக்கிய சிலவற்றைத் தவிர, ஒரு டிஎல்எல்லை முதலில் அந்தப் புரோகிராமின் ஃபோல்டரில்தான் தேடும். வைரஸ் எழுதுபவர்களுக்கும் இது தெரியும். அதனால் கண்ட இடத்தில் இறக்கிய டிஎல்எல்லை லாஞ்சர் ஃபோல்டரிலும் போடாதீர்கள். ஆப்ஸ் பட்டியலில் 2008, 2010, 2012, 2013 என்று வரிசையாக நிற்கும் விஷுவல் சி++ தொகுப்புகளுக்கும் இதே பதில்தான். புதியது பழையதற்கு ஈடாகாது. 2015 முதல் வந்தவை மட்டும்தான் ஒரே தொகுப்பு. இவற்றை நீக்கினால் மிச்சமாகும் இடமும் சொற்பம்தான். இடம் வேண்டுமென்றால் விளையாடாமல் கிடக்கும் ஒரு கேமை நீக்குங்கள்.