ராணுவத்திலிருந்து வந்தாயிற்று, டபிள்யூ-2 எங்கே?

கேள்வி: நியூ ஜெர்ஸியில் இருக்கிறோம். மகன் அமெரிக்க ராணுவத்தில் நான்கு வருடம் இருந்துவிட்டு, ஸ்பெஷலிஸ்ட் என்ற சிப்பாய்ப் பதவியோடு போன ஆகஸ்டில் வெளியே வந்தான். கடைசி வருடத்தில் மூன்று மாதம் குவைத்தில் இருந்தான். இப்போது டல்லாஸ் பக்கம் கல்லூரியில் படிக்கிறான். பிப்ரவரி பாதி போய்விட்டது, வரி தாக்கலுக்கு வேண்டிய வருடச் சம்பளச் சான்றான டபிள்யூ-2 இன்னும் வரவில்லை. ராணுவ அட்டையைத் திருப்பிக் கொடுத்துவிட்டதால் உள்ளே போய்ப் பார்க்க முடியவில்லை என்கிறான். நான் போன் செய்து கேட்டால் தருவார்களா? குவைத்தில் வாங்கிய சம்பளத்துக்கு வரி உண்டா?

பதில்: தர மாட்டார்கள். பெற்றவராக இருந்தாலும் சரி, நீங்கள்தான் அவனுக்கு வருடாவருடம் வரி தாக்கல் செய்து கொடுப்பவராக இருந்தாலும் சரி, வயது வந்த மகனின் சம்பளக் காகிதத்தை அம்மாவிடம் கொடுக்க அவர்களுக்கு வழியில்லை. தம்பிதான் கேட்க வேண்டும். ஆனால் கவலைப்பட ஒன்றுமில்லை, அந்தக் காகிதம் தொலைந்துபோயிருக்க வாய்ப்பு ரொம்பக் குறைவு. பெரும்பாலும் ஜனவரியிலேயே இணையத்தில் ஏறி உட்கார்ந்திருக்கும், இவர்தான் இன்னும் கதவைத் திறக்கவில்லை.

தரைப்படை, கடற்படை, விமானப்படை, மரைன், விண்வெளிப்படை எல்லோருக்கும் சம்பளம் போடுவது ஒரே அலுவலகம், டிஃபாஸ் என்பார்கள், பாதுகாப்புத் துறையின் நிதி மற்றும் கணக்குச் சேவை. கடலோரக் காவல்படை மட்டும் இதில் சேராது, அது உள்நாட்டுப் பாதுகாப்புத் துறையின் கீழ் வருவதால் அவர்களுக்குத் தனிச் சம்பள அலுவலகம், தனித் தளம். உங்கள் மகன் தரைப்படை என்பதால் டிஃபாஸ்தான். டிஃபாஸின் சம்பளத் தளத்துக்குப் பெயர் மைபே. மாதாமாதம் சம்பளச் சீட்டு, அதாவது எல்இஎஸ், பார்த்திருப்பாரே, அதே இடம்தான். அதில் வரிச் சான்றுகள் என்ற பகுதிக்குள் போனால் டபிள்யூ-2 பிடிஎஃப்பாக இருக்கும்.

அட்டை இல்லாமல் போக முடியாது என்று அவர் நினைப்பது தப்பு. நான் ஒவ்வொரு பிப்ரவரியும் இப்படி நாலைந்து பேருக்காவது உட்கார்ந்து பார்த்துக் கொடுக்கிறேன், பாதிப் பேர் இதே இடத்தில்தான் நிற்பார்கள். நான்கு வருடமும் கணினியில் அட்டையைச் செருகிச் செருகியே உள்ளே போயிருப்பார்கள், அதனால் அட்டை போனால் எல்லாம் போச்சு என்று தோன்றிவிடுகிறது. மைபேவுக்கு அட்டை தவிர சாதாரணப் பயனர் பெயரும் கடவுச்சொல்லும் உண்டு. படையை விட்டுப் பிரிந்த பிறகும் 13 மாதம் அந்தக் கணக்கு திறந்திருக்கும். ஆகஸ்டில் வந்தவருக்கு இந்த செப்டம்பர் வரை நேரம் இருக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

உண்மையான சிக்கல் வேறொன்று. உள்ளே போக முயலும்போது ஒருமுறை மட்டும் செல்லும் குறியீட்டு எண்ணை மின்னஞ்சலுக்கு அனுப்புவார்கள். கணக்கில் பதிந்திருப்பது படையில் கொடுத்த, டாட் மில் என்று முடியும் முகவரியாக இருந்தால் அந்த அஞ்சல்பெட்டி இப்போது செத்துப்போயிருக்கும். எண் அங்கே போகும், இவர் இங்கே காத்திருப்பார். வெளியே வருவதற்கு முந்தைய வாரம் மைபேவில் சொந்த ஜிமெயிலையும் சொந்தக் கைபேசி எண்ணையும் போட்டுவிட்டால் அஞ்சு நிமிஷ வேலை, போடாவிட்டால் பிப்ரவரியில் அஞ்சு வாரம். இன்னும் பணியில் இருக்கும் பிள்ளைகள் யாராவது இதைப் படித்தால் இன்றைக்கே போட்டுவிடுங்கள்.

சரி, தம்பி என்ன செய்ய வேண்டும்? முதலில் மைபே முகப்பில் கடவுச்சொல் மறந்துவிட்டது என்ற இணைப்பை அழுத்திப் பார்க்கட்டும். மின்னஞ்சல் வழி வேலை செய்யாவிட்டால், தற்காலிகக் கடவுச்சொல்லைக் கணக்கில் உள்ள வீட்டு முகவரிக்குத் தபாலில் அனுப்பச் சொல்லலாம், சுமார் பத்து நாள் பிடிக்கும். அந்த முகவரி எது என்று முதலில் யோசியுங்கள். வெளியே வரும்போது காகிதங்களில் உங்கள் நியூ ஜெர்ஸி முகவரியைக் கொடுத்திருந்தால் நல்லது, தபால் உங்கள் கைக்கே வரும், பிரிக்காமல் அவருக்குத் தகவல் சொல்லுங்கள். பழைய பாசறை முகவரியே இருந்தால் அந்தத் தபாலை எதிர்பார்க்க வேண்டாம். அப்போது டிஃபாஸின் கேள்விப் பெட்டியான ஆஸ்க்டிஃபாஸ் பக்கத்தில் வரிச் சான்றின் நகல் கேட்பதற்கென்றே ஒரு படிவம் இருக்கிறது, சோஷியல் செக்யூரிட்டி எண்ணையும் புது முகவரியையும் கொடுத்து அச்சிட்ட பிரதியைக் கேட்கலாம். மெதுவான வழிதான், ஆனால் உள்ளே நுழைய முடியாதவர்களுக்கென்றே வைத்திருக்கும் வழி.

ஒரு சின்ன விஷயம். பணியில் இருந்தபோது மைபேவில் "எனக்குக் காகிதம் வேண்டாம், இணையத்தில் போதும்" என்று தேர்ந்தெடுத்திருந்தால் தபாலில் எதுவுமே வந்திருக்காது. தினமும் தபால்பெட்டியைத் திறந்து பார்த்துப் பலன் இல்லை. அவரிடம் கேளுங்கள், டிக் போட்டது ஞாபகம் இருக்காது, இருந்தாலும் கேளுங்கள்.

இதெல்லாம் நடக்காமல் பிப்ரவரி முடிந்துவிட்டால் கூட்டாட்சி வரித்துறையான ஐஆர்எஸ்ஸைக் கூப்பிடலாம். சம்பளம் கொடுத்தவர் டபிள்யூ-2 தரவில்லை என்று அவர்களிடம் சொன்னால் அவர்கள் கேட்டுப் பார்ப்பார்கள், கூடவே 4852 என்ற மாற்றுப் படிவத்தையும் அனுப்புவார்கள். கடைசி எல்இஎஸ்ஸில் இந்த வருடத்தில் இதுவரை என்று ஒரு கூட்டுத்தொகை இருக்கும், அதை வைத்து 4852-ஐ நிரப்பித் தாக்கல் செய்யலாம். சட்டப்படி சரியான வழிதான். ஆனாலும் நான் இதைக் கடைசியில் வைக்கிறேன், காரணம் கீழே. ஐஆர்எஸ் தளத்தில் கணக்குத் தொடங்கினால் சம்பள மற்றும் வருமானப் பதிவு என்று ஒன்றைப் பார்க்கலாம், பத்து வருடம் வரை பழையது கிடைக்கும். பழைய வருட டபிள்யூ-2 தேவைப்படுகிறவர்களுக்கு அது அருமையான வழி. நடப்பு ஆண்டுக்கு அது முழுமையாக ஏறக் கோடை வரை ஆகிவிடும், மாநில வரி விவரமும் அதில் இருக்காது.

கடைசி எல்இஎஸ்ஸை வைத்து அவசரப்படாதீர்கள் என்று ஏன் சொல்கிறேன்? சில வருடம் முன்பு ஒரு பையன், உங்கள் மகன் மாதிரியே புதிதாக வெளியே வந்தவன், என் சமையலறை மேசையில் உட்கார்ந்து எல்இஎஸ்ஸைக் காட்டி "அண்ணா, எல்லாக் கணக்கும் இதில் இருக்கிறது, அனுப்பிவிடலாம்" என்றான். அனுப்பினோம். மூன்று வாரம் கழித்து மைபேவில் அவன் பெயரில் ஒன்றல்ல, இரண்டு டபிள்யூ-2. இரண்டாவது எதற்கு என்றால், ஊருக்குத் திரும்பும்போது ராணுவம் லாரி அனுப்பட்டும் என்று காத்திருக்காமல் தானே யூ-ஹால் வாடகை வண்டி பிடித்துச் சாமானை ஏற்றி வந்திருக்கிறான். அப்படிச் செய்தால் ராணுவம் ஒரு தொகை கொடுக்கும், செலவு போக மிச்சம் இருப்பது வருமானம், அதற்குத் தனி டபிள்யூ-2. எல்இஎஸ்ஸில் அது இல்லவே இல்லை. 1040-எக்ஸ் போட்டுத் திருத்தினோம், மாதக்கணக்கில் இழுத்தது. தப்பு என்னுடையதுதான், வண்டி எப்படி வந்தது என்று நான் கேட்டிருக்க வேண்டும். ஆகவே தம்பி சாமானை எப்படிக் கொண்டுவந்தார் என்று கேளுங்கள். மைபேவில் நுழைந்ததும் ஒன்றைப் பார்த்தவுடன் மூடிவிடாமல் பட்டியலை முழுதாகப் பார்க்கச் சொல்லுங்கள்.

இனி குவைத். இங்கேதான் அம்மாக்கள் பயந்துபோகிறார்கள், சம்பளத்தைக் குறைத்துக் காட்டியிருக்கிறார்களே என்று. குவைத் போர்ப் பகுதி வரிவிலக்கில் சேர்ந்த இடம், 1991-இல் வளைகுடாப் போரின்போது போட்ட உத்தரவு இன்றும் நடைமுறையில் இருக்கிறது. அதிகாரி அல்லாத சிப்பாய்களுக்கு, ஒரு மாதத்தில் ஒரே ஒரு நாள் அங்கே பணியில் இருந்தாலும் அந்த மாதச் சம்பளம் முழுவதற்கும் கூட்டாட்சி வருமான வரி இல்லை. ஜனவரி 30 ராத்திரி குவைத்தில் இறங்கியிருந்தாலும் ஜனவரி முழுக்க விலக்கு. அதிகாரிகளுக்கு ஓர் உச்சவரம்பு உண்டு, உங்கள் மகனுக்கு அது பொருந்தாது. ஆனால் ஓய்வூதியத்துக்கான சோஷியல் செக்யூரிட்டியும் முதியோர் மருத்துவத்துக்கான மெடிகேரும் விடாது, போர்ப் பகுதிச் சம்பளத்திலும் பிடிப்பார்கள். அதனால்தான் படிவத்தில் பெட்டிக்குப் பெட்டி எண் மாறுகிறது.

கணக்குக்கு மாதம் 3,000 டாலர் அடிப்படைச் சம்பளம் என்று வைத்துக்கொள்வோம், ஜனவரி முதல் ஆகஸ்ட் வரை எட்டு மாதம், மொத்தம் 24,000. அதில் குவைத் மூன்று மாதம், 9,000. அப்படியானால் பெட்டி 1-இல், அதாவது வரிக்குரிய சம்பளத்தில், 15,000 இருக்கும். பெட்டி 3-லும் 5-லும் 24,000 இருக்கும். பெட்டி 4-இல் சோஷியல் செக்யூரிட்டிக்குப் பிடித்த 6.2 சதவீதம், 1,488 டாலர். பெட்டி 6-இல் மெடிகேர் 1.45 சதவீதம், 348. பெட்டி 12-இல் க்யூ என்ற எழுத்துக்கு எதிரே 9,000. இந்த க்யூதான் போர்ப் பகுதிச் சம்பளத்தின் அடையாளம். டிஎஸ்பி என்ற ஓய்வுக்காலச் சேமிப்பில், வரிக்கு முன்பே பிடிக்கும் பழைய முறையில் பணம் போட்டிருந்தால் பெட்டி 1 இன்னும் கொஞ்சம் குறையும், அதே பெட்டி 12-இல் டி என்ற எழுத்து வரும், வரி கட்டிய பணத்தைப் போடும் ராத் முறையாக இருந்தால் ஏஏ வரும், அது பெட்டி 1-ஐக் குறைக்காது. வெளியே வரும்போது மிச்ச விடுப்பைக் காசாக்கியிருந்தால் அந்தத் தொகையும் பெட்டி 1-இல் வந்து சேரும், போர்ப் பகுதி மாதங்களில் சேர்ந்த விடுப்புக்கு மட்டும் விலக்கு.

வங்கிக்கு வந்த பணம் இதைவிட அதிகமாயிற்றே என்று தோன்றலாம். வீட்டு வாடகைப் படியும் உணவுப் படியும் வரிக்கு உட்பட்டவை அல்ல, அவை டபிள்யூ-2-இல் எந்தச் சம்பளப் பெட்டியிலும் வராது. வங்கிக் கணக்கை வைத்து டபிள்யூ-2-ஐச் சரிபார்க்கப் போனால் தலைவலிதான் மிச்சம்.

ஆனால் க்யூ இல்லாமலிருந்தாலோ மூன்று மாதத்துக்கு இரண்டு மாதத் தொகை மட்டும் இருந்தாலோ விட்டுவிடாதீர்கள், அது உங்கள் பணம். குவைத் போன உத்தரவு, திரும்பிய தேதி தெரியும் பயண ரசீது, அந்த மாதங்களின் எல்இஎஸ், குவைத்தில் இருந்த தேதிகள் குறிக்கப்பட்டிருந்தால் விடுவிப்புச் சான்றான டிடி-214, இவற்றை வைத்து டிஃபாஸிடம் திருத்தம் கேட்டால் டபிள்யூ-2சி என்ற திருத்திய படிவம் தருவார்கள். அந்த எல்இஎஸ்களை மைபே மூடுவதற்குள் இறக்கி வைத்துக்கொள்ளச் சொல்லுங்கள், மூடியபின் தேடுவது பெரும்பாடு.

மாநில வரி பற்றி நீங்கள் கேட்கவில்லை, ஆனால் பெட்டி 15-ஐக் கட்டாயம் பாருங்கள். அங்கே இருப்பது அவர் எந்த முகாமில் இருந்தார் என்பதல்ல, சட்டப்படி எந்த மாநிலத்தவர் என்று பதிந்திருக்கிறார் என்பது. ராணுவ உத்தரவில் டெக்சாஸ் போனதால் மட்டும் யாரும் டெக்சாஸ்காரர் ஆகிவிடுவதில்லை, நியூ ஜெர்ஸியிலிருந்து சேர்ந்தவர் டிடி-2058 என்ற படிவத்தில் மாற்றினால் ஒழிய நியூ ஜெர்ஸிக்காரர்தான். பல பிள்ளைகள் வருமான வரி இல்லாத டெக்சாஸ், ஃபுளோரிடா என்று மாற்றிக்கொள்வார்கள், மாற்றினாரா என்று கேளுங்கள். மாற்றாமல் நியூ ஜெர்ஸி என்று இருந்தால் அந்த மாநிலத்துக்கும் தனியாகப் பார்க்க வேண்டும்.

ஏப்ரல் 15-க்குள் எதுவும் கையில் வராவிட்டால் 4868 என்ற படிவம் போட்டு அக்டோபர் 15 வரை நேரம் வாங்கலாம். தாக்கல் செய்யத்தான் அந்த நேரம், கட்ட வேண்டிய வரிக்கு அல்ல. அவருக்குப் பெரும்பாலும் திரும்ப வரும் பணமாகத்தான் இருக்கும், அப்படியானால் அவசரமும் இல்லை. தாக்கலுக்குக் காசு கொடுத்து ஆள் பிடிக்க வேண்டாம். படையினருக்கான உதவிச் சேவையான மிலிட்டரி ஒன்சோர்ஸின் மில்டாக்ஸ் மென்பொருள் இலவசம், படையிலிருந்து வந்து ஒரு வருடத்துக்குள் இருப்பவர்களும் பயன்படுத்தலாம், போர்ப் பகுதிச் சம்பளத்தை எங்கே போடுவது என்று அதுவே கேட்கும்.

நிரந்தரக் குடியுரிமை இல்லாத வெளிநாட்டவரையும் படையில் சேர்க்க 2008 கடைசியில் தொடங்கிய மாவ்னி திட்டத்தில் ராணுவம் தேடிய மொழிகளில் தமிழும் இருந்தது, 2016-இல் நிறுத்தும்வரை அந்த வழியாகச் சேர்ந்த நம் பிள்ளைகளும் உண்டு. பழைய வருடச் சான்று கேட்டு இன்றும் எழுதுகிறவர்களில் அவர்கள்தான் அதிகம், அவர்களுக்கு மைபே எப்போதோ மூடியிருக்கும், நேராக ஐஆர்எஸ் பதிவுக்குப் போய்விடலாம்.

கடைசியாக ஒன்று. கல்லூரிக்கு, முன்னாள் படையினருக்கான கல்வி உதவியான ஜிஐ பில் வழியாக வரும் பணத்துக்கும் வாடகைத் தொகைக்கும் வரி இல்லை, அதற்கு டபிள்யூ-2 எதுவும் வராது, தேட வேண்டாம். ஆனால் வெளியே வந்த கையோடு டிஎஸ்பி பணத்தை எடுத்திருந்தால் அதற்கு 1099-ஆர் என்ற தனிப் படிவம் உண்டு, அது டிஃபாஸில் இருக்காது, டிஎஸ்பி தளத்தில்தான் இருக்கும். எடுத்தாரா என்று கேளுங்கள். மெதுவாகக் கேளுங்கள், இருபத்திரண்டு வயசில் நிறையப் பேர் அந்தப் பணத்தில் கார் வாங்கிவிட்டு வீட்டில் சொல்லியிருக்க மாட்டார்கள்.